நொட்டாங்கைக்காரியின் கத்தரிக்கோல்

சின்னவள் இதுவரை ஜெயித்தவை: மூன்று மர அடிக்கோல்கள், ஒரு சிவப்பு ரிப்பன், இரண்டு வகுப்பு டீச்சர்கள், மாமாவின் நாக்கு, உலகத்துப் பட்டறைகள் எல்லாம் வலக்கைக்காரர்களுக்காகவே அடித்து வைத்திருக்கும் கத்தரிக்கோல்கள், அப்புறம் ஒரு கட்டிங் மாஸ்டர். இதற்கெல்லாம் அவளுக்கு மெடல் எதுவும் கிடைக்கவில்லை. கிடைத்திருந்தால் அதைச் சட்டையின் இடது பக்கம்தான் குத்தியிருப்பார்கள். அந்த ஒரு விஷயத்தில் மட்டும் இடது பக்கம் யாருக்கும் அசிங்கமாகப் படுவதில்லை.

அவளுக்கு மூன்று வயது மூத்தவள் அக்கா. வீட்டில் இருவரையும் பெரியவள், சின்னவள் என்றே கூப்பிடுவார்கள். பெரியவள் எதையும் எண்ணிப் பார்க்காமல் விடமாட்டாள். படியேறினால் படிகளை எண்ணுவாள், பட்டன் டப்பாவைத் திறந்தால் பட்டன்களை எண்ணுவாள். தங்கையின் இடது கைக்கு வீட்டில் எத்தனை பெயர் என்றும் சிறுவயதிலேயே எண்ணி வைத்திருந்தாள்.

அம்மா அதைப் பீச்சாங்கை என்பாள். கழுவுகிற வேலையைத் தவிர வேறு எதற்கும் அந்தக் கை லாயக்கில்லை என்பது அந்தப் பெயரிலேயே இருந்தது. மாமாவுக்கு அது நொட்டாங்கை. வாசலில் செருப்பைக் கழற்றும்போதே, "எங்கடி அந்த நொட்டாங்கை?" என்று ஆளையே அந்தப் பெயரால் கூப்பிடுவார். டீச்சர் படித்தவர் என்பதால் மரியாதையாக இடக்கை என்பார், அடிக்கோலையும் அதே மரியாதையோடு இறக்குவார். பக்கத்து வீட்டு அத்தைக்குக் கையைப் பற்றிக் கவலையில்லை. "இது இடக்குப் பிடிச்ச கழுதை" என்று முழு ஆளையும் சேர்த்தே தீர்ப்புச் சொல்லிவிடுவாள். வலது கையோ சோத்தாங்கை என்று ஒரே பெயரை வைத்துக்கொண்டு கௌரவமாகக் காலம் தள்ளியது. சாப்பிடுவதைத் தவிர அது அப்படி என்ன சாதித்தது என்று ஒருவரும் கேட்கவில்லை.

"அந்தக் கையை எடுடி! தட்டுல படக்கூடாதுன்னு எத்தனை தடவை சொல்றது?"

"அது தானா வருதும்மா."

"தானா வரும்ல? சூடு போட்டா தானா போகும்."

சூடு போடவில்லை. அம்மாவுக்குச் சொல்வதில் இருந்த வேகம் செய்வதில் இல்லை. பள்ளிக்கூடத்தில் சொல்வதும் செய்வதும் ஒரே வேகத்தில் நடந்தன. இரண்டாம் வகுப்பு டீச்சர் சின்னவளின் இடது மணிக்கட்டைச் சிவப்பு ரிப்பனால் பெஞ்சோடு கட்டிப் போட்டார். சின்னவள் வலது கையால் எழுதிய எழுத்துகள் மழையில் நனைந்த கோழி மாதிரி நின்றன. பென்சில் இருந்தவரை எப்படியோ ஓடியது. நான்காம் வகுப்பில் மைப்பேனா வந்தது. டீச்சர் அந்தப் பக்கம் திரும்பும்போது அவள் பேனாவை இடது கைக்கு மாற்றிக்கொள்வாள். எழுதிக்கொண்டே போகும் கை, காயாத எழுத்தின் மேலேயே இழுத்துக்கொண்டு போகும்.

"எழுதுறதும் இவதான், அழிக்கிறதும் இவதான். ரெண்டையும் ஒரே கையால செய்யுறா. என்ன திறமை பாருங்க!" என்று டீச்சர் நோட்டை உயர்த்தி வகுப்புக்கே காட்டினார். வகுப்பு சிரித்தது. அடுத்த வாரம் சின்னவள் பள்ளிக்கூடத்துக்குப் போகமாட்டேன் என்றாள். அப்பா வாயைத் திறக்கவில்லை. அவர் எதற்குமே திறந்ததில்லை. அதோடு அந்தப் படிப்பு முடிந்தது.

பத்தொன்பதாவது வயதில், அக்கா வேலை பார்த்த சட்டைப் பட்டறையிலேயே அவளும் சேர்ந்தாள். சேரும் அன்று ஆபீஸ் கிளார்க் படிவத்தை நீட்டினார். சின்னவள் பேனாவை இடது கையில் எடுத்தாள்.

"நல்ல கையால போடும்மா. முத நாளே ஏன் இப்படி?"

சின்னவள் பேனாவை வலது கைக்கு மாற்றினாள். பேனா படிவத்தின் மேல் ஒரு கோணல் கோட்டை இழுத்துவிட்டு நின்றது. கிளார்க் பொறுமையில் பெயர் போனவர், அரை நிமிடம் காத்திருந்தார்.

"சரி விடு. எழுதத் தெரியாதுன்னா தெரியாதுன்னு சொல்லேன். ரேகை வை. இடது கைப் பெருவிரல்."

பெரியவள் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். பேனாவைத் தொடக்கூடாத கையை, மையில் முக்கி எடுக்க மட்டும் பெயர் சொல்லிக் கேட்டு வாங்கிக்கொண்டார்கள். சட்டமே அப்படித்தான் என்றார் கிளார்க். சட்டம் போட்டவருக்கு எந்தக் கைப் பழக்கம் என்று பெரியவளுக்குக் கேட்கத் தோன்றியது. கேட்டால் தன் வேலையும் போகும் என்பதால் கேட்கவில்லை.

முதல் ஆறு மாதம் சின்னவளுக்கு நூல் பிசிறு வெட்டும் வேலை. தைத்து முடித்த சட்டைகளை மடியில் போட்டுக்கொண்டு, குட்டிக் கத்தரியால் நூல் நுனிகளை நறுக்க வேண்டும். எதிரே வெட்டும் மேசை தெரியும். பன்னிரண்டு அடுக்குத் துணியை விரித்து, மேலே அட்டையை வைத்துச் சாக்குக்கட்டியால் கோடு போட்டு, பெரிய கத்தரிக்கோலால் ஒரே மூச்சில் வெட்டிக்கொண்டு போவார்கள். அதைப் பார்த்துக்கொண்டே அவள் பாதி நூலைக் கோட்டை விடுவாள். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் கட்டிங் மாஸ்டரின் கத்தரிக்கோலை எடுத்துப் பார்த்தாள். இடது கையில் பிடித்தால் மேல் அலகு கோட்டை மறைத்தது. அழுத்தினால் அலகுகள் ஒன்றைவிட்டு ஒன்று விலகின, துணி வெட்டுப்படாமல் மடங்கி நடுவில் மாட்டிக்கொண்டது.

ஞாயிற்றுக்கிழமை அக்காவும் தங்கையும் கத்தரிக்கோல் பட்டறைக்குப் போனார்கள். பட்டறைக்காரர் கேட்டதும் சிரித்தார்.

"எடக்கைக்கா? அப்படி எவனும் அடிக்கிறதில்ல தங்கச்சி. இரு, ஒண்ணு கிடக்கு. என் மச்சான் வேலை பழகும்போது அலகை மாத்திப் பூட்டித் தொலைச்சான். அஞ்சு வருஷமா சீந்த ஆளில்ல."

துருப்பிடித்துக் கிடந்த அந்தத் தப்பான கத்தரிக்கோலைச் சின்னவள் இடது கையில் எடுத்தாள். பழைய காகிதம் ஒன்று வெண்ணெய் மாதிரி பிளந்தது. பட்டறைக்காரர் வாயைப் பிளந்து பார்த்தார். தன் மச்சானை ஐந்து வருடம் அநியாயமாகத் திட்டிவிட்டதாக அன்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

அந்தக் கத்தரிக்கோலோடு அவள் வெட்டும் மேசைக்குப் போய்ச் சேர இரண்டு வருடம் ஆனது. ஜன்னல் வெளிச்சத்தில் அவள் கையின் நிழல் கோட்டின் மேல் விழாமல் இருக்க, மேசையின் மறுமுனையில் இடம் பிடித்துக்கொண்டாள். அவள் வெட்டிய பாகம் எதுவும் அரை நூல்கூடப் பிசகாது. முன், பின், கை, காலர் என்று ஒவ்வொரு கட்டின் மேலும் சாக்குக்கட்டியால் எழுதி வைப்பாள். இடது கையால்தான். சாக்குக்கட்டி எழுத்தை யாரும் எழுத்தாகக் கணக்கில் வைக்கவில்லை.

ஒரே தடவையில் வெட்டிக் கட்டிய ஒவ்வொரு லாட்டோடும் ஒரு சீட்டு போகும். அதில் 'வெட்டியவர் கையெழுத்து' என்று ஒரு கட்டம் உண்டு. சின்னவள் ரேகை வைக்கிறவள். ஆனால் வெட்டும் மேசைப் பக்கம் மைப்பெட்டி வரக்கூடாது, துணியில் கறை பட்டால் அவ்வளவுதான். அதற்கு மாஸ்டர் சுலபமாக ஒரு வழி கண்டுபிடித்தார். "குடு, நானே போட்டுடறேன். எனக்கென்ன, எடக்கையால வெட்டுற மாதிரி" என்று தன் கையெழுத்தைப் போட்டார். எந்த வேலையும் தனக்குச் சுலபம் என்று காட்டவேண்டுமென்றால் இடது கையை இழுப்பார். ஒருமுறை சின்னவள், "நிஜமாவே எடக்கையால வெட்டிக் காட்டுங்க மாஸ்டர், நாங்களும் பார்க்கறோம்" என்றாள். தையல் வரிசை முழுவதும் கொல்லென்று சிரித்தது. மாஸ்டர் மூன்று நாள் அவளோடு பேசவில்லை. பட்டறை அந்த மூன்று நாளும் நன்றாகத்தான் ஓடியது.

இப்படிப் பதினோரு வருடம் போனது. அவள் வெட்டிய நல்ல லாட்டெல்லாம் மாஸ்டர் பெயரில் போனது. வந்தவர்களிடம் எல்லாம் முதலாளியம்மா, "மாஸ்டர் எனக்கு வலது கை மாதிரி" என்பார். அந்த வலது கை எந்த இடது கையால் வேலை வாங்குகிறது என்று அந்த அம்மாவுக்குத் தெரியாது.

அப்புறம்தான் பஸ் கம்பெனிச் சட்டை ஆர்டர் வந்தது. தொண்ணூற்றாறு சட்டை. துணி ஒரு பக்கம் பளபளப்பு, மறுபக்கம் மங்கல், திருப்பித் தைக்க வழியில்லை. சட்டையின் முன்பட்டி தைப்பது பெரியவளின் வேலை. கட்டைப் பிரித்து முதல் ஜோடியை எடுத்தாள். இடது முன்பாகம் வந்தது. அடுத்ததும் இடது. அதற்கடுத்ததும் இடது. மிஷினை நிறுத்திவிட்டு எண்ண ஆரம்பித்தாள். நூற்றுத் தொண்ணூற்றிரண்டு முன்பாகங்கள், அத்தனையும் இடது. ஒரு தடவைக்கு இரண்டு தடவை எண்ணினாள். வலது முன்பாகம் மருந்துக்கும் இல்லை. துணி மேல் விரிக்கும் காகிதத்தில் வெட்டுக்கோடு போடுவது, அதாவது மார்க் போடுவது, வெட்டுகிறவரின் வேலை; அந்த ஆள் முன்பாக அட்டையை இரண்டாவது தடவை குப்புறத் திருப்பி வைக்க மறந்திருக்கிறார். அந்த ஒரே காகித மார்க்கை, பன்னிரண்டு அடுக்காக விரித்த எட்டு விரிப்புக்கும் பயன்படுத்தியிருக்கிறார்.

விஷயம் முதலாளியம்மாவின் காதுக்குப் போவதற்குள் மாஸ்டர் அங்கே போய்விட்டார்.

"மேடம், கையெழுத்து என்னுதுதான். அது அவ லாட்டு. எழுதத் தெரியாதேன்னு பாவம் பார்த்து நான் போட்டுக் குடுப்பேன், ஊருக்கே தெரியும். நொட்டாங்கை வெட்டினா எல்லாம் அந்தப் பக்கமாத்தான் போகும், நானும் எத்தனையோ தடவை சொல்லியிருக்கேன்."

அந்தத் துணி மில்லிலேயே தீர்ந்துவிட்டது. பஸ் கம்பெனிக்காரர் காலையிலிருந்து போன் மேல் போன். முதலாளியம்மா கண்ணாடியைக் கழற்றி மேசை மேல் வைத்தார். "நாளையில இருந்து நீ பழையபடி நூல் வெட்டப் போ" என்றார் சின்னவளிடம்.

பட்டறைக்கு வந்த புதிதில் மடியில் சட்டையைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்த அந்த ஸ்டூலுக்கே தங்கையை அனுப்புகிறார்கள். பெரியவள் வாயைத் திறப்பதற்குள் சின்னவள் பேசினாள்.

"மேடம், நாட்ச்சப் பார்த்துட்டு அனுப்புங்க."

நாட்ச் என்பது, எந்த இடத்தோடு எந்த இடம் சேரவேண்டும் என்பதற்காகத் துணி ஓரத்தில் வைக்கும் சின்ன வெட்டு. சின்னவள் ஒரு இடது முன்பாகத்தை எடுத்தாள். அலமாரியில் காத்திருந்த தன் காலர் லாட்டிலிருந்தும் ஒன்றை எடுத்தாள். இரண்டையும் முதலாளியம்மாவின் மேசை மேல் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாள்.

"என் கத்தரி இந்தப் பக்கமா வரும். நாட்ச்சும் இப்படிச் சாயும். இது அப்படிச் சாயுது."

"என்ன மேடம், நாட்ச்சுக்குச் சாயல் கண்டுபிடிக்கிறா" என்று மாஸ்டர் சிரித்தார். கூடச் சிரிக்க ஒருவரும் வரவில்லை.

தையல் வரிசையிலிருந்து கைப்பட்டி தைக்கிற ஒருத்தி எழுந்து வந்தாள். "இது எங்க எல்லாருக்கும் தெரியும் மேடம். எந்த லாட்டு யாருதுன்னு நாங்க நாட்ச்ச வெச்சுத்தான் சொல்வோம். இவ நாட்ச் வந்தா அன்னைக்கு நிம்மதி."

"அப்ப பதினோரு வருஷமா ஏன் சொல்லல?"

"நீங்க கேக்கலையே மேடம்."

முதலாளியம்மா இரண்டு கழிவுத் துணியை எடுத்து வைத்து, இருவரையும் அவரவர் கத்தரியால் ஒரு நாட்ச் வைக்கச் சொன்னார். இரண்டும் எதிரெதிராகச் சாய்ந்தன. பஸ் கம்பெனி முன்பாகம் யாரோடு சேர்ந்து சாய்கிறது என்று பார்க்கக் கண்ணாடிகூடத் தேவைப்படவில்லை. இருந்தாலும் முதலாளியம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டே பார்த்தார். மாஸ்டருக்கு உடனே தண்ணீர் தாகம் எடுத்தது, குடத்தின் பக்கம் போனார்.

மாஸ்டரை வேலையைவிட்டு அனுப்பினார்களா என்றால் இல்லை. வலது கையை யார் வெட்டிக்கொள்வார்கள்? ஆனால் முதலாளியம்மாவுக்கு இன்னொரு சந்தேகம் வந்தது.

"அப்ப பழைய சீட்டுல எல்லாம் மாஸ்டர் போட்ட கையெழுத்து யாரோட வேலைக்கு?"

சின்னவள் தன் கத்தரியைக் கழிவுத் துணி மேல் வைத்தாள். தையல் வரிசை முழுவதும் அவளையே பார்த்தது. அந்த அம்மாவுக்குப் புரிந்தது.

"இனிமே வெட்டுறவங்கதான் கையெழுத்துப் போடணும். மைப்பெட்டி உள்ள வராது, ரேகையும் கிடையாது. இந்தக் காலர் லாட்டுச் சீட்டுல இன்னும் போடல. போடுறதுன்னா இப்பவே போடு. முடியலைன்னா நான் மேசைக்கு வேற ஆள்தான் பார்க்கணும். பேர் இல்லாத வேலைக்கு நாளைக்கு நான் யாரைக் கேக்கறது?"

நியாயமான பேச்சுதான். நியாயமான பேச்சுக்கு எப்போதுமே கொஞ்சம் கொம்பு முளைத்திருக்கும்.

சின்னவள் பேனாவை எடுத்தாள். பழைய பயத்தில் அது வலது கைக்குப் போனது. பெரியவளுக்கு டீச்சர் நோட்டை உயர்த்திக் காட்டியது ஞாபகம் வந்தது. பேனா கட்டத்தின் மேல் நின்றது. அது நகரவில்லை.

"சாக்குக்கட்டின்னு நெனச்சுக்கோடி" என்றாள் பெரியவள் மெதுவாக.

சின்னவள் நிமிர்ந்து அக்காவைப் பார்த்தாள். பேனாவை இடது கைக்கு மாற்றினாள். யாரும் "நல்ல கையால போடு" என்று சொல்லவில்லை. அவள் சீட்டைத் துணி மாதிரி கால்வாசி திருப்பி வைத்தாள். அப்படி வைத்தால் எழுத்துகள் மேலிருந்து கீழாக இறங்கும், எழுதிய இடத்தின் மேல் கை போகாது. துணியில் கோடு போடும்போது பிடிப்பதுபோலவே காகிதத்தின் ஓரத்தை மறு கையால் அழுத்திப் பிடித்தாள். முதல் எழுத்து பெரிதாக வந்தது, இரண்டாவது அதைவிடப் பெரிதாக வந்தது. அப்பாவின் முதலெழுத்தையும் சேர்த்துப் பெயர் முழுவதையும் எழுதினாள். கட்டத்துக்குள் அடங்காமல் கடைசி எழுத்து அடுத்த கட்டத்தில் போய் உட்கார்ந்தது. மை ஒரு துளிகூடக் கலையவில்லை.

தண்ணீர் குடித்துவிட்டு வந்த மாஸ்டர் எட்டிப் பார்த்தார். "கோணலா இருக்கே."

"இருக்கட்டும் மாஸ்டர். நீங்க போட்டா நேரா வரும், ஆனா என் பேரு வராதே" என்றாள் சின்னவள்.

முதலாளியம்மா சீட்டை நேராகத் திருப்பி, பெயரை வாய்விட்டுப் படித்தார். அந்தப் பட்டறையில் அவளை யாரும் முழுப்பெயர் சொல்லி அதுவரை கூப்பிட்டதில்லை. படித்துவிட்டுச் சீட்டைத் திருப்பிக் கொடுத்தார். "தேதி போடலையே?"

சின்னவள் மறுபடி சீட்டைச் சாய்த்தாள். பெரியவள் ஒவ்வொரு எண்ணாகப் பார்த்துக்கொண்டே நின்றாள்: 6-11-1998.