டேக் இல்லாத சவாரி

ஊரடங்குக்கு முந்தின நாள் நான் ஒரு பொண்ணை ரோட்டுல வுட்டுட்டு வந்துட்டேன்.

கம்பெனி பஸ் ஓட்டுறவன் நான். வல்லம் வடகால்ல ஏத்தி வாலாஜாபாத்துல எறக்கணும். கழுத்துல போட்டோ போட்ட டேக் தொங்கினாத்தான் கதவைத் தொறக்கணும்னு ஆர்டர். அந்தப் பொண்ணு தென்காசிப் பக்கம். ஒரு வருசமா தினமும் என் பஸ்லதான் வரும். எறங்கும்போது "வர்றேன்ணே"ன்னு சொல்லாம எறங்காது. அன்னிக்கு காண்ட்ராக்ட் ஆளுங்களோட டேக்கையெல்லாம் கேட்லயே வாங்கி வச்சுக்கினு அனுப்பிட்டாங்க.

"டேக் இல்லையேம்மா, ஏத்த முடியாது" என்றேன். அவ கெஞ்சல. வெறும் கழுத்தைத் தொட்டுப் பாத்துக்கினா. நான் கதவைச் சாத்திட்டு வண்டியை எடுத்துட்டேன்.

வூட்டுல சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. "ஒரு வருசமா பாத்த மூஞ்சி. அட்டையைப் பாத்தாத்தான் ஆளுன்னு தெரியுமா உனக்கு?" என்றா என் பொண்டாட்டி. "ரூல்ஸுடீ" என்றேன். "அப்ப ரூல்ஸையே துன்னு" என்று தட்டை உள்ள எடுத்து வச்சுட்டா.

விடிஞ்சதும் வாலாஜாபாத்துல அந்தப் பொண்ணு தங்கியிருந்த ரூமுக்குப் போய், கூட இருந்தவங்களைக் கேட்டேன். வரலையாம், போனும் எடுக்கலையாம். புளிசாதமும் ரெண்டு பாட்டில் தண்ணியும் எடுத்துக்கினு மொபெட்டைக் கிளப்பினேன்.

ஒரகடம் ரோட்டுல உயிரைக் கையில புடிச்சுக்கினுதான் எப்பவும் ஓட்டுவேன். அன்னிக்கு நடுரோட்டுல மாடு படுத்துக் கீது. ஒரு லாரி இல்ல, டீக்கடை இல்ல, குடிக்கத் தண்ணி இல்ல. உலகம் முடிஞ்சு நான் மட்டும் மிச்சம் நின்ன மாதிரி இருந்துச்சு. முதல் தடுப்புல என் டேக்கைப் பாத்துட்டு போலீஸ் வுட்டுட்டாங்க. அந்த அட்டை எனக்கு மட்டும் வழி வுட்டதுல என் மேலயே எரிச்சல் வந்துச்சு. ரெண்டாவது தடுப்புல லத்தியைத் தட்டி, திரும்புன்னாங்க. திரும்பின மாதிரி திரும்பி ஏரிக்கரையில ஏறினேன். முள்ளு முழங்கையைக் கிழிச்சுது. அவளைப் பாக்காம வூட்டுக்குப் போறதில்லன்னு முடிவு பண்ணிட்டேன்.

அவளை வுட்ட ஸ்டாப்புல யாரும் இல்ல. நடந்திருந்தா எந்தப் பக்கம் போயிருப்பான்னு யோசிச்சு, ஒவ்வொரு கடையா எட்டிப் பாத்துக்கினே வந்தேன். வல்லக்கோட்டை முருகன் கோயில் சாத்திக் கெடந்துச்சு. பக்கத்துல மூடின பூக்கடையோட தார்ப்பாய்க்குக் கீழ உக்காந்திருந்தா. ஒரு செருப்பு அறுந்திருந்துச்சு. கால் வீங்கியிருந்துச்சு.

தண்ணியைக் குடுத்தேன். ஒரே மூச்சுல குடிச்சா. சாதத்தையும் துன்னா. அப்புறம் மொபெட்டைப் பாத்தா, என்னைப் பாத்தா.

"டேக் இல்லையே அண்ணே. ஏத்துவியளா?"

கேலி இல்ல. நெசமாவே கேட்டா. கழுத்துல கெடந்த என் டேக்கைக் கழட்டி ரோட்டோர முள்ளுக்குள்ள வீசக் கையை ஓங்கினேன்.

அவ என் கையைப் புடிச்சா.

"மாட்டிக்கிடுங்க. வழியில போலீஸ் நிக்கும். நான் ரூமுக்குப் போகணும்."

மாட்டிக்கினேன். அவ பின்னாடி ஏறி உக்காந்தா.