கவர்னருக்காக நான் பேசிய மூன்று நிமிடம்

எனக்குப் பத்து வயதாக இருந்தபோது எங்கள் வீட்டில் ஒரு கவர்னரின் ஆட்சி நடந்தது. அவர் நம்மூர் கவர்னர் இல்லை. அமெரிக்காவின் வடகிழக்கு மூலையில் ஏதோ ஒரு மாநிலத்தை உள்நாட்டுப் போரின்போது ஆண்டுவிட்டு, நூறு வருடங்களுக்கும் முன்பே செத்துப்போனவர். ஆவடியில் தொழிற்சாலைக் குவார்ட்டர்ஸின் இரண்டாவது மாடியில் அவருக்கு அப்படியொரு செல்வாக்கு வந்ததற்கு மாமாதான் காரணம்.

மாமா என்றால் அம்மாவின் தம்பி. அரசுத் தேர்வு எழுதுவதற்காகத் திருநெல்வேலியிலிருந்து வந்து எங்களோடு தங்கியிருந்தார். பொது அறிவுக்குக் குறிப்பெடுக்கப் போகிறேன் என்று பஸ் ஸ்டாண்டுப் பக்கம் இருந்த பிரவுசிங் சென்டருக்குப் போனவர், ஒருநாள் கத்தை கத்தையாக அச்செடுத்த காகிதங்களோடு வந்தார். அந்தக் கவர்னர் சட்டசபையில் பேசியவை, ஊர்ஊராகப் போய்ப் பேசியவை, ஜனாதிபதிக்கும் மந்திரிகளுக்கும் எழுதிய கடிதங்கள் எல்லாம் அதில் இருந்தன. தேர்வுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை என்பது எனக்கே தெரிந்தது.

முதல் பக்கத்தில் படம் இருந்தது. அடிமைகளை விடுவிக்கப் போராடியவர் என்று மாமா சொல்லியிருந்ததால் குதிரை, வாள், தாடி எல்லாவற்றையும் எதிர்பார்த்திருந்தேன். உருண்டை முகமும் சுருட்டை முடியும் மூக்குக்கண்ணாடியுமாக, எங்கள் ரேஷன் கடைக்காரரைப் போல ஒருவர் உட்கார்ந்திருந்தார். கொஞ்சம் ஏமாற்றமாகத்தான் இருந்தது. ஆனால் சாயங்காலங்களில் மாமா ஒவ்வொரு பக்கமாகத் தமிழில் சொல்லச் சொல்ல, அந்த மூக்குக்கண்ணாடிமேல் எனக்கு ஏற்பட்ட பிரமிப்பு கொஞ்சநஞ்சமல்ல.

கறுப்பின மக்களையும் படைவீரர்களாகச் சேர்க்க வேண்டும் என்று அவர் ஓயாமல் வாதாடியிருக்கிறார். சேர்த்தார்கள். சேர்த்த பிறகு அவர்களுக்கு மட்டும் சம்பளத்தைக் குறைத்தார்கள். அந்த வீரர்கள், கொடுத்தால் முழுதாகக் கொடு, இல்லையென்றால் ஒன்றும் வேண்டாம் என்று கையை நீட்டாமலே ஒரு வருடத்துக்கும் மேலாகப் போர்க்களத்தில் நின்றிருக்கிறார்கள். கவர்னர் அவர்களுக்காகத் தலைநகருக்குக் கடிதத்துக்குமேல் கடிதம் எழுதினார், நேரிலும் போய் நின்றார். அவர்களுக்கு வரும் மானமும் அவமானமும் எனக்கும்தான் என்று வெளிப்படையாகவே சொல்லிவிட்டார். இதைக் கேட்டபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. கடிதம் எழுதியே ஒரு மனிதர் சண்டை போட முடியுமா? கூரை ஒழுகுகிறது என்று அப்பா, குவார்ட்டர்ஸைப் பராமரிக்கும் எஸ்டேட் ஆபீசுக்கு எழுதிய கடிதத்துக்கு இரண்டு மழைக்காலம் போயும் பதில் வந்திருக்கவில்லை.

குடியரசு தின விழாவுக்குக் குவார்ட்டர்ஸ் சமூகக்கூடத்தில் பேச்சுப் போட்டி வைத்தார்கள். தலைப்பு, என்னைக் கவர்ந்த தலைவர். மாமா கண்ணில் ஒளி வந்ததைப் பார்த்ததுமே அம்மாவுக்குப் புரிந்துவிட்டது.

“ஏல, பிள்ளைக்கு நம்ம நாட்டுல ஒரு தலைவரும் கிடைக்கலியா?”

“எக்கா, எல்லாப் பிள்ளையளும் அதே நாலு பேரத்தான் பேசும். நடுவர் தூங்கிருவாரு. இவ எந்திச்சு இந்தாளப் பத்திப் பேசுனா முழிச்சிக்கிடுவாரு.”

எனக்கும் அதுதான் வேண்டியிருந்தது. என் கவர்னரை ஆவடியில் ஒருவருக்கும் தெரியவில்லை என்பது பெரிய அநியாயமாகப் பட்டது. அவருக்கு முதல் பரிசு வாங்கிக் கொடுப்பதை என் பொறுப்பாகவே எடுத்துக்கொண்டேன். மூன்று நிமிடப் பேச்சு. மாமா எழுதினார், நான் மனப்பாடம் செய்தேன். எந்த இடத்தில் கையை உயர்த்துவது, எந்த இடத்தில் குரலைத் தாழ்த்துவது என்று பென்சிலால் குறி போட்டுக் கொடுத்தார். கடைசியில் நம்ம பக்கத்திலிருந்து ஒரு எடுத்துக்காட்டு சொன்னால்தான் மார்க் விழும் என்று, பல மாவட்டத்துக்காரர்களும் குவார்ட்டர்ஸில் ஒற்றுமையாக வாழ்வதைப் பற்றி நாலு வரி சேர்த்திருந்தார்.

அன்று கூடம் நிறைந்திருந்தது. முன்வரிசையில் வெள்ளைத் துணி போட்ட நாற்காலிகளில் அதிகாரிகளும் அவர்கள் வீட்டுப் பெண்களும் இருந்தார்கள். பின்னால் பிளாஸ்டிக் நாற்காலிகளில் நாங்கள். மாமா சொன்னது பலித்தது. எனக்கு முன்னால் பேசிய ஒன்பது பேரில் ஆறு பேர் ஒரே தலைவரைப் பற்றிப் பேசினார்கள். நடுவராக வந்திருந்த ஓய்வுபெற்ற தமிழாசிரியரின் தலை மெல்லச் சாய்ந்துகொண்டிருந்தது.

நான் கவர்னரின் மாநிலத்தைச் சொன்னதுமே அவர் தலை நிமிர்ந்தது. சம்பளம் வாங்க மறுத்த வீரர்களைச் சொன்னபோது கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு என்னையே பார்த்தார். கவர்னரே எங்கோ நின்று கேட்டுக்கொண்டிருக்கிறார் என்று நினைத்தேன். அந்த நினைப்பில் மதிமயங்கி நின்றதுதான் தப்பு. கடைசி நாலு வரி மறந்துவிட்டது.

பென்சில் குறி மட்டும் நினைவில் இருந்தது. கையை உயர்த்திவிட்டேன், வார்த்தை வரவில்லை. மாமா வாயசைத்துக் காட்டினார், ஒன்றும் பிடிபடவில்லை. அப்போதுதான் பின்வாசலில் துடைப்பத்தோடு நின்றிருந்த அக்காவைப் பார்த்தேன். ஒப்பந்தக்காரர் கொடுத்த நீலக் கோட்டுப் போட்டுக்கொண்டு எங்கள் பிளாக்கின் படிகளையும் கூடத்தையும் பெருக்குகிறவர். முத்தாபுதுப்பேட்டையிலிருந்து வருவார். வீடுகளுக்குள் வந்து கழிவறையும் கழுவித் தருவார். என்னைப் பார்த்து, பேசு பேசு என்பதுபோல் தலையாட்டினார். எனக்கு எடுத்துக்காட்டு கிடைத்துவிட்டது.

“அந்த நாட்டில் அப்படியெல்லாம் கொடுமை இருந்தது. ஆனால் நம் குவார்ட்டர்ஸில் அப்படி இல்லை. எங்கள் வீட்டுக்கு வேலைக்கு வரும் அக்காவுக்கு நாங்கள் தனி டம்ளரே வைத்திருக்கிறோம். அது பின்பக்கத்து ஜன்னல் திட்டில் இருக்கும். அதில் என் அப்பா குடிக்க மாட்டார், என் அம்மா குடிக்க மாட்டார், நான் தொட்டால்கூட அம்மா திட்டுவார். அது அந்த அக்காவுக்கு மட்டும்தான். என் டீச்சர் எங்கள் வீட்டுக்கு வந்தபோதுகூட நாங்கள் அப்படித் தனி டம்ளர் கொடுக்கவில்லை. நன்றி, வணக்கம்.”

கை தட்டுவார்கள் என்று நின்றேன். ஒருவரும் தட்டவில்லை. அவ்வளவு பெரிய கூடம் அப்படி அடங்கிக் கிடந்ததை நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை. என் கவர்னரின் மகிமை என்று நினைத்துப் புல்லரித்துப்போனேன். முன்வரிசையில் ஓர் அம்மாள் தன் மடியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பக்கத்தில் இருந்தவரும் அப்படியே. பின்வாசலைப் பார்த்தேன். அக்கா அங்கே இல்லை.

முதல் பரிசு எனக்குத்தான். ஒரு சோப்பு டப்பா. பரிசைக் கொடுத்த கையோடு நடுவர், யார் எழுதிக் கொடுத்தது என்று கேட்டார். மாமாவைக் காட்டினேன். பெரியவர் மேடையிலிருந்து இறங்கிப்போய் மாமாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

“தம்பி, முப்பத்தஞ்சு வருஷம் வாத்தியாரா இருந்தேன். குழந்தை வாயால இப்படி ஒரு அடி அடிக்க எனக்குத் துணிச்சல் வந்ததில்லை.”

மாமா கையை உருவிக்கொள்ளத் தெரியாமல் நின்றார். கடல் தாண்டி இன்னொரு நாட்டு அநியாயத்துக்காக ஒவ்வொரு சாயங்காலமும் தொண்டை வற்றப் பேசியவர், அந்த ஜன்னலுக்கு எதிரே உட்கார்ந்துதான் பேசியிருக்கிறார். இதை இப்போது சொல்ல முடிகிறது. அன்று, மாமாவுக்கு வெட்கம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா அடுக்களைக்குள் போனவள் விளக்கைப் போடாமல் உட்கார்ந்திருந்தாள். என்னை அடிப்பாள் என்று மாமா பயந்தார். அவள் அடிக்கவில்லை. அப்பா மட்டும், “உள்ளதத்தானே சொல்லியிருக்கா” என்று பேப்பருக்குப் பின்னாலிருந்து ஒரு தடவை சொன்னார். அம்மா கெட்டவள் இல்லை. அக்காவின் மகளுக்குக் காய்ச்சல் என்றால் ஆஸ்பத்திரிக்குக் கூடவே போய் நிற்பாள், தீபாவளிக்குத் தனக்கு எடுக்கும் கடையிலேயே அவருக்கும் புடவை எடுப்பாள். அப்படிப்பட்டவளின் வீட்டில்தான் அந்த டம்ளரும் இருந்தது. எங்கள் ஊரில் அவள் அம்மா வைத்திருந்தாள், இவளும் வைத்தாள். யாரும் எதுவும் யோசிக்கவில்லை.

மறுநாள் ஜன்னல் திட்டு காலியாக இருந்தது. வேலை முடிந்ததும் அம்மா அக்காவை உள்ளே கூப்பிட்டு, நாங்கள் குடிக்கும் டம்ளரிலேயே காபியை நீட்டினாள்.

“வேணாம்மா. இப்பத்தான் டீ குட்ச்சிட்டு வந்தேன்” என்றார் அக்கா.

அடுத்த நாளும் அதையேதான் சொன்னார். அதற்கடுத்த நாள் வரும்போது இடுப்பில் ஒரு தண்ணீர் பாட்டில் செருகியிருந்தார். அதன் பிறகு எங்கள் வீட்டில் அவர் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. ஒவ்வொரு நாளும் அம்மா காபி போட்டாள், ஒவ்வொரு நாளும் அது ஆறிப்போயிற்று.

எனக்கு அம்மாமேல் கோபம் கோபமாக வந்தது. அக்காவுக்கென்று இந்த வீட்டில் இருந்தது ஒரே ஒரு பொருள், அதையும் பிடுங்கிக்கொண்டுவிட்டாளே! என்னால்தான் அந்தக் கௌரவம் ஊருக்கெல்லாம் தெரிந்தது, அந்தப் பொறாமையில் அம்மா எடுத்து ஒளித்துவிட்டாள் என்று உறுதியாக நம்பினேன். அக்கா டம்ளரைத் திருப்பிக் கொடு என்று இரண்டு வேளை சாப்பிடாமல் அழுதேன். மாமா எழுந்து வெளியே போய்விட்டார்.

அக்காவிடமே போனேன். படிகளைப் பெருக்கிக்கொண்டிருந்தார்.

“அக்கா, கவலைப்படாதீங்க. உங்க டம்ளரை அம்மாகிட்டேயிருந்து நான் வாங்கித் தந்துடறேன்.”

அவர் பெருக்குவதை நிறுத்தினார். பிறகு சிரித்தார். சிரிக்கச் சிரிக்க அப்படியே படியில் உட்கார்ந்து முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

“அத்தெல்லாம் ஒண்ணும் வேணாம் கண்ணு. அது இல்லாமயே நான் நல்லாத்தான் கீறேன். நீ போய்ப் பட்ச்சிகினு இரு.”

எவ்வளவு பெரிய மனது என்று மலைத்துப்போனேன். ஓடிப்போய் அம்மாவிடம், “அக்கா உன்னை மன்னிச்சிட்டாங்க” என்று சொன்னேன். அம்மா அடுப்பை அணைத்துவிட்டு என்னைப் பிடித்துக்கொண்டு, “நெசமாவா? அப்படியா சொன்னா?” என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். நானும் ஆமாம் ஆமாம் என்றேன். சில மாதங்களில் ஒப்பந்தக்காரர் அக்காவை வேறு பகுதிக்கு மாற்றிவிட்டார். அக்கா அப்படிச் சொல்லவே இல்லை என்பதை அம்மாவிடம் நான் இன்றுவரை சொல்லவில்லை.