மாதவி மாமி சொன்ன தப்பு

"விட்டில்ஸ்!" என்கிறாள் மாதவி மாமி, டாக்குரியா மார்க்கெட்டில் கத்தரிக்காயைத் திருப்பித் திருப்பிப் பார்த்தபடியே. விலை கேட்கிறாளா, திட்டுகிறாளா என்று புரியாமல் கடைக்காரர் தலையைச் சொறிகிறார். பை பிடித்து நிற்கும் கணவர் சிவராமகிருஷ்ணனுக்கு விளக்கம் வருகிறது: "இங்கிலீஷ்ல சாப்பாட்டுச் சாமான்னு அர்த்தம்னா. எழுதியிருக்கறதைப் பார்த்து விக்சுவல்ஸ்னு படிச்சா மானம் போயிடும்."

பாங்க் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவள். டிகாஷன் இறங்குவதற்குள் இங்கிலீஷ் அகராதியில் ஒரு சொல்லைப் பிடித்துவிடுவாள். அன்று முழுக்க அதுதான் பேச்சு. கணவரின் வயிறு குடகுடவென்றால் போதும், "போர்பரிக்மஸ்! மோர் குடிங்கோ" என்பாள். முதல் மழையில் மண் வாசனை எழுந்தால் கொடித்துணி நனைந்தாலும் சரி, ஜன்னலில் நின்று "பெட்ரிகோர்" என்று ஒரு தரம் சொல்லிவிட்டுத்தான் மாடிக்கு ஓடுவாள். அவள் உச்சரிப்பு பிசகி யாரும் கேட்டதில்லை. அந்தக் கர்வம் இருக்கிறதே, அப்பப்பா!

ஈடுகொடுக்கிற ஒரே ஆள் எதிர் ஃப்ளாட் வங்காளிக்காரர் லாஹிரி; மாமிக்கு அவர் தாதா, அதாவது அண்ணா. கிதிர்பூர் துறைமுகத்தில் கப்பல்களோடு காலம் கழித்தவர். ஒரு சொல்லுக்காக இரண்டு பேரும் மாடிப்படியில் நின்று வங்காளமும் இங்கிலீஷுமாகக் கட்டடம் அதிரச் சண்டை போடுவார்கள். பிறகு இங்கிருந்து தோசை போகும், அங்கிருந்து சந்தேஷ் இனிப்பு வரும்.

போன சரஸ்வதி பூஜை கழிந்து தாதாவுக்குப் பக்கவாதம் வந்தது. கை கால் தேறிவிட்டது, பேச்சு மட்டும் வரவில்லை. பேசிப் பழகினால் வந்துவிடும் என்கிறார் டாக்டர். இவரோ உளறிவிடுவோம் என்ற வெட்கத்தில் வாயே திறப்பதில்லை. யார் என்ன கெஞ்சினாலும் தலையாட்டல்தான். "நான் இனிமே யாரோடன்னா சண்டை போடறது?" என்று மாமி ஒருநாள் அழுதே விட்டாள்.

நேற்று மாலை கேசரிக் கிண்ணத்தோடு, கணவரையும் கூட்டிக்கொண்டு போய் தாதா எதிரில் உட்கார்ந்தாள்.

"இன்னிக்கு வார்த்தை, தாதா. கப்பல் தளத்துல மாலுமிகளை மேய்க்கிறவன். போட்ஸ்வெயின்!"

எழுத்தில் இருக்கிறபடியே, பச்சைத் தப்பாக. மாமி வாயிலா இது? சிவராமகிருஷ்ணன் பதறிப்போய்த் திருத்த வாயெடுத்தார். தொடையில் ஒரு கிள்ளு விழுந்தது, அடங்கினார்.

லாஹிரியின் முகம் சிவந்தது. துறைமுகத்துக்காரரிடம் வந்து சொல்கிற வார்த்தையா? மாமி விடவில்லை. "போட்ஸ்வெயின், போட்ஸ்வெயின்" என்று கேசரியைக் கிளறிக்கொண்டே ராகம் போட்டாள். அவர் நாற்காலிக் கையை ஓங்கித் தட்டினார். உதடு கோணிக்கொண்டது.

"போ... போ... போஸன்!"

அட்சரம் பிசகாத சரியான உச்சரிப்பு. மாமிக்குக் கண் நிறைந்துவிட்டது. துடைத்துக்கொண்டால் குட்டு உடைந்துவிடுமே.

"தப்பு, தாதா. நான் ஒத்துக்கவே மாட்டேன். ஆபார் போலுன், இன்னொரு தரம் சொல்லுங்கோ" என்று கையைக் கட்டிக்கொண்டு, சண்டைக்குத் தயாராக நிமிர்ந்து உட்கார்ந்தாள்.