இரண்டாம் ஜன்னலில் அடித்த வரி

திருத்த அலுவலகத்தின் முதல் ஜன்னல் தட்டச்சுக்காரிக்கு ‘ஏன் மேடம்’ என்று பட்டப்பெயர். விண்ணப்பத்தில் உள்ளதை அடித்து முத்திரை குத்துவதுதான் அவள் வேலை. ஏன் என்று கேட்பதற்குச் சம்பளம் கிடையாது; பத்தொன்பது வருஷமாக அதை இலவசமாகவே செய்துவந்தாள். “அன்று நான் பேருந்தைத் தவறவிடவில்லை” என்று ஒருவர் எழுதிக் கொடுத்தால், எந்தப் பேருந்து, அதில் யார் போனார்கள், இத்தனை நாள் கழித்து இப்போது என்ன அவசரம் என்று துருவி எடுத்துவிட்டுத்தான் அடிக்க உட்காருவாள். வரிசையில் நிற்பவர்கள் பல்லைக் கடித்துக்கொண்டு நிற்பார்கள்.

அந்த ஊரில் நடந்ததை மாற்றலாம். தான் செய்ததை, தான் சொன்னதை மட்டும் ஒருவர் ஒரே வரியில் மாற்றி எழுதித் தரவேண்டும். முத்திரை விழுந்ததும் அந்த வரிதான் நடந்ததாகிவிடும். பிறப்பையும் இறப்பையும் தொட முடியாது. பழையது யாருக்கும் நினைவிருக்காது, விண்ணப்பித்தவருக்கும்கூட. அடித்தவர் ஒருவருக்குத்தான் இரண்டும் தெரியும். அவரும் வெளியே சொல்லக்கூடாது. முப்பது நாளுக்குள் ஒரு படிவத்தில் கையெழுத்துப் போட்டால் பழையது திரும்பிவிடும் என்றும் விதி இருந்தது. விண்ணப்பித்ததையே மறந்த மனுஷன் எங்கே வந்து கையெழுத்துப் போடுவது? அந்தப் படிவக் கட்டு பிரிக்கப்படாமலே கிடந்தது.

இரண்டாம் ஜன்னல்காரருக்கும் அவளுக்கும் நடுவில் ஒரே மின்விசிறி. அது யார் பக்கம் பார்த்து நிற்பது என்பதில் இருவருக்கும் ஏழாம் பொருத்தம். ஒரு திங்கட்கிழமை சாயங்காலம் அவர் தாமாகவே அதை அவள் பக்கம் திருப்பி வைத்தார். செவ்வாயன்று டீ வாங்கிக் கொடுத்தார். புதன்கிழமை, “சாப்பிட்டீங்களாம்மா?” என்றார், அதுவும் குரல் தழைந்து. அவளுக்குச் சுருக்கென்றது. காரணமில்லாமல் மனிதர்கள் நல்லவர்களாகிவிடுவதை அவள் நம்புகிறவள் அல்ல. யாரோ எழுதிக் கொடுத்து, இந்த ஆள் அவள் சம்பந்தமாக என்னவோ அடித்திருக்கிறார்.

வீட்டுக்குப் போய்க் கணவரைப் பிடித்து உலுக்கினாள். அலுவலகம் பக்கம் வந்தீர்களா, என்ன எழுதிக் கொடுத்தீர்கள் என்று கேட்ட கேள்வியில் மனுஷர் மிரண்டுபோய், போன மாதம் கண்ணாடிக் குவளையை உடைத்து மறைத்ததை ஒப்புக்கொண்டார். அதற்கு மேல் அவரிடம் சரக்கில்லை. பழைய போட்டோக்களைப் பரப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். எல்லாம் ஒழுங்காகத்தான் இருந்தன. ஒழுங்காக இருந்ததே அவளுக்கு உதைத்தது.

வியாழக்கிழமை மதியம் சாப்பாட்டு அறையில் இரண்டாம் ஜன்னல்காரரை மடக்கினாள்.

“யாரு வந்தா உங்க ஜன்னலுக்கு?”

அவர் டப்பாவை மூடினார். “சொல்லக்கூடாது, உங்களுக்கே தெரியும்.”

“என் வீட்டுக்காரரா?”

“இல்ல.” டப்பாவை ஓரமாகத் தள்ளினார். “நீங்கதான் வந்தீங்க.”

தன் வரியைத் தானே அடிக்கக்கூடாது என்பதால் அவரிடம் போயிருக்கிறாள். முக்கால் மணி நேரம் எதிரே உட்கார்ந்திருந்தாளாம். பத்து நாளில் வந்து குடைவேன், எதையும் சொல்லிவிடாதீர்கள் என்று சத்தியம் வாங்கிக்கொண்டாளாம். “நாலாவது நாளே வந்துட்டீங்க,” என்றார் அவர். அவளுக்குச் சிரிப்புகூட வந்தது. பிறகுதான் விதி நினைவுக்கு வந்தது. தான் செய்ததை மட்டுமே ஒருவர் மாற்ற முடியும். அப்படியென்றால் அழிந்துபோன காரியம் அவளுடையதுதான்.

“யாருக்குச் செஞ்சேன்? அத மட்டும் சொல்லுங்க.”

அவர் எழுந்து கை கழுவப் போனார். திரும்பி வந்து, மெதுவாக, “உங்க தங்கச்சிக்கு,” என்றார்.

தங்கையா? தினமும் போனில் பேசுகிற தங்கை. ஒட்டும் உறவுமாக இருக்கிற தங்கை. அவளுக்கு என்ன செய்திருக்க முடியும்? பிரிக்காமல் கிடந்த அந்தப் படிவக் கட்டைப் பிரித்து ஒரு ரத்துப் படிவத்தை உருவிக் கைப்பையில் வைத்துக்கொண்டாள். ஒரு கையெழுத்து போதும், எல்லாம் தெரிந்துவிடும். ஆனால் தெரியும்போது தங்கை மிஞ்சுவாளா?

மறுநாள் சாயங்காலம் தங்கை வீட்டுக்குப் போனபோது அவள் முக்காலிமேல் ஏறித் திரைச்சீலை மாட்டிக்கொண்டிருந்தாள். இவள் செருப்பைக்கூடக் கழற்றாமல், “என்னை மன்னிச்சுருடி,” என்றாள்.

“எதுக்குக்கா?”

“தெரியல.”

தங்கை விழுந்து விழுந்து சிரித்தாள். அக்காவுக்கு வெயில் தலைக்கேறிவிட்டதாகச் சொன்னாள். பிறகு அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் கீழே இறங்கி வந்தாள்.

“நீ என்னக்கா பண்ணியிருக்கப் போற? குழந்தை போனப்ப வந்தவங்க எல்லாம் ஆளுக்கொண்ணு சொன்னாங்க. நீ ஒருத்திதான் ஒரு வார்த்தை பேசாம நாள் பூரா என் கையப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்த. அதுலதான்க்கா நான் பொழச்சேன்.”

அந்த நாள் இவளுக்கும் அப்படியேதான் நினைவிருந்தது. ஆனால் தன்னைத் தனக்குத் தெரியாதா? கால் மணி நேரம் வாயை மூடிக்கொண்டு இருந்தவளா அவள்? குழந்தையைப் பறிகொடுத்தவளிடம் போய், ஏன் முன்னாலேயே டாக்டரிடம் காட்டவில்லை, ஏன் தனியாக விட்டாய் என்று கேட்டிருப்பாள். கேட்டே இருப்பாள். அதற்குப் பிறகு எத்தனை வருஷம் இந்த வாசலை மிதிக்காமல் இருந்தாளோ. வெட்கத்தில் அவள் உடம்பு கூசியது.

டீ போடுகிறேன் என்று சமையலறைக்குள் போய் அடுப்பைப் பற்றவைத்தாள். படிவத்தின் ஒரு மூலையைத் தீயில் காட்டி, கருகியதும் தொட்டியில் போட்டுத் தண்ணீரைத் திறந்துவிட்டாள்.

“என்னக்கா தீயுற வாசனை?” என்று கூடத்திலிருந்து தங்கை கேட்டாள்.

“ஒண்ணுமில்லடி,” என்றாள் அவள். “சர்க்கரை எங்க வச்சிருக்க?”