தக்காளிக் குழம்புக்கு உப்பு பார்க்க ஆளில்லை

இன்றைக்கு ரங்கூனில் இத்தாலிச் சமையல் கற்றுக்கொண்டேன்.

மகனைப் பார்க்க ஊரிலிருந்து வந்திருக்கிறேன். அவனும் மருமகளும் காலையிலேயே வேலைக்குப் போய்விடுகிறார்கள். "சும்மா உட்கார்ந்திருக்காதீங்க அத்தை" என்று மருமகள்தான் ஒரு ஹோட்டல் வகுப்பில் சேர்த்துவிட்டாள்.

மாவு பிசைந்து, நாடா மாதிரி வெட்டி, தக்காளிக் குழம்பும் வைத்தேன். சொல்லிக்கொடுத்த இத்தாலிக்காரம்மா கரண்டியை நீட்டி ஏதோ சொன்னாள்.

பக்கத்தில் நின்ற, ரங்கூன் தாகேதா பேட்டைத் தமிழ்ப் பெண் செல்வி, இந்த ஊர் மரியாதையில் 'மா செல்வி', "ருசி பார்க்கச் சொல்றாங்கம்மா" என்றாள்.

"சமைக்கிறவ வாயில வச்சா எச்சிலாயிடும். நீ கையை நீட்டு."

அவள் உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டேன். "ரொம்ப நல்லாருக்கு!" இத்தாலிக்காரம்மாவும் நக்கிப் பார்த்துக் கட்டைவிரலைத் தூக்கினாள்.

வீட்டுக்காரர் இருந்தவரை அவர் கையில்தான் விடுவேன். 'நல்லாருக்கு' என்று ஒருநாளும் அந்த வாயில் வந்ததில்லை. "உப்பு கம்மி", அவ்வளவுதான். என் தங்கச்சி கல்யாணப் பந்தியில் அத்தனை பேர் முன்னால் சொன்னதை நான் இன்னும் மறக்கவில்லை.

சமைத்ததை டப்பாவில் கொண்டுவந்து, ஆளில்லாத வீட்டில் பிரித்தேன். ஒரு வாய் வைத்ததும் தெரிந்தது, உப்பே போடவில்லை.

அந்த மனுஷன் மேல் கோபம் இன்னும் போகவில்லை. ஆனாலும் எதிரே இருந்த காலி நாற்காலியைப் பார்த்து, "சரி, கம்மிதான்" என்று ஒத்துக்கொண்டேன்.

உங்கள் வீட்டில் குறை சொல்கிற ஆள் யார்? சாயங்காலத்துக்கு மட்டும் இங்கே அனுப்பி வையுங்களேன்.