லோ வோல்டேஜ் தாமரை

சூடேறிய டேப்ரிக்கார்டரின் பிளாஸ்டிக் வாடை மூக்கில் பட்டால் போதும், குஜிலியம்பாறைப் பக்கத்து எங்கள் ஊரும், சித்திரை வெயிலும், அம்மா ஆசைப்பட்ட ஓர் எவர்சில்வர் குடமும் எனக்கு ஒன்றாக நினைவுக்கு வந்துவிடும்.

மாரியம்மன் திருவிழாவில் பிள்ளைகளுக்கு நடனப் போட்டி உண்டு. முதல் பரிசு குடம். அது வருஷா வருஷம் மேலத்தெருவுக்கே போனதில் கீழத்தெருக்காரியான அம்மாவுக்கு வயிறு எரிந்தது. அந்த வருஷம், "எம் மக குடத்தோட வருவா, பாருங்க" என்று குழாயடியில் எல்லோரிடமும் சொல்லிவிட்டாள். ஆடப் போகிறவளைக் கேட்கும் வழக்கமெல்லாம் எங்கள் வீட்டில் கிடையாது.

திண்டுக்கல்லில் வேலை பார்த்த சித்தப்பா ஒரு கேசட் வாங்கி வந்தார். அதில் பாடுகிறவர் யாருமில்லை. கீபோர்டும் மிஷின் மேளமும் மட்டும்தான். "கம்ப்யூட்டர் மியூசிக்" என்று பெருமையாகச் சொல்லிவிட்டு அன்றைக்கே பஸ் ஏறிவிட்டார். கோடையில் எங்கள் ஊர்க் கிணற்று மோட்டார்களெல்லாம் ஒன்றாக ஓடும்போது குண்டு பல்பு வெறும் கம்பியாகச் சிவந்து நிற்கும், மின்விசிறியின் இறக்கைகளை எண்ணிவிடலாம். அந்த "லோ வோல்டேஜில்"தான் எங்கள் டேப்பும் ஓடியது. வயிறு முட்டத் தின்ற எருமை மாதிரி இசை அசைந்து அசைந்து வந்தது. அதன் வேகமே அவ்வளவுதான் என்று நம்பி, பெரியம்மா மகள் செல்வியும் நானும், குவித்த கைகளை ஒவ்வொரு விரலாக விரித்துத் தாமரை பூக்கும் ஆட்டம் ஒன்றை லீவு முழுக்கப் பழகினோம். "நான் செத்த நேரம் படுத்து எந்திரிச்சு வாரேன், அதுக்குள்ள பூத்துருமாடி?" என்று அத்தை கேட்டதை நாங்கள் பொறாமை என்றே எடுத்துக்கொண்டோம்.

திருவிழாவுக்கு ஜெனரேட்டர் வைத்திருந்தார்கள். மேடை விளக்குகள் கண் கூச எரிந்தபோதே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். கேசட்டைப் போட்டதும் இசை பாய்ந்து ஓடியது. இரண்டு விரல் விரிப்பதற்குள் பூ வாட வேண்டிய இடமே வந்துவிட்டது. விட்டதைப் பிடிக்கச் செல்வி ஓடினாள், அவளைப் பிடிக்க நான் ஓடினேன். தாமரைகள் இரண்டும் முட்டிக்கொண்டு விழுந்தபோது கேசட் அடுத்த பாட்டுக்குப் போயிருந்தது. கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. "காமெடி ஐட்டம்" பிரமாதம் என்று விழாத் தலைவர் எங்களுக்கே முதல் பரிசை அறிவித்தார்.

அவமானத்தில் நான் தேம்பித் தேம்பி அழுதேன். அம்மாவோ குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, "அழுகுறத வீட்டுல வந்து அழு. இப்ப மேலத்தெரு வழியா போவோம், வா" என்றாள்.

கல்லூரியில் படிக்கும் என் மகள் இப்போது கணினியிலேயே இசை செய்கிறாள். போன வாரம், கோடை ஞாபகம் பற்றி ஒன்று செய்திருப்பதாகச் சொல்லி ஹெட்போனை என் காதில் மாட்டினாள். அதே கீபோர்டு, அதே மிஷின் மேளம், அதே எருமை நடை. "பழசு மாதிரி இருக்கணும்னு வேணும்னே ஸ்பீட கொறச்சிருக்கேம்மா" என்றாள். ஊரில் கரண்டு சீராகிவிட்டது, டேப் போய்விட்டது, குடம் அடி ஓட்டையாகிப் பழைய சாமானுக்குப் போய்விட்டது. அம்மாவும் போய்விட்டாள், அதை அந்த நேரத்தில் என்னால் தாங்க முடியவில்லை. கைகள் தாமாகவே குவிந்தன.

"எதுக்கும்மா அழுகுற? கைய வச்சு என்ன பண்ற?" என்று மகள் பதறினாள்.

"செத்த நேரம் இரு. இன்னும் மூணு வெரல் இருக்கு" என்றேன்.