மனு பார்க்கும் அறை

பிளவக்கல்லில் ஒரு வீட்டுக்குத் தளம் போட்டுக்கொண்டிருந்தோம். கலவை இயந்திரத்தின் சத்தத்தில், கைப்பேசியில் வந்த செய்தி முதலில் பிடிபடவில்லை. ராஜபாளையத்தில் எஸ்தர் அக்கா இறந்துவிட்டார். தளத்தைப் பாதியில் நிறுத்த முடியாது, முடித்துவிட்டுத்தான் கிளம்பினேன். விட்டுவிட்டு வந்திருந்தால் அவரே எழுந்து திட்டியிருப்பார். அவரிடம் திட்டு வாங்கி, இன்று அவர் நினைவாகக் கூடியிருக்கும் உங்களுக்கெல்லாம் அது தெரியும்.

அக்கா கட்டடங்களுக்கு வரைபடம் போடுவார். கம்பி, கான்கிரீட் கணக்கு என்னுடையது. மாவட்டத்தில் ஒரு கிளைச் சிறையைப் புதிதாகக் கட்டும் வேலை வந்தபோது, முதலில் பழைய சிறையைப் பார்க்கப் போனோம். உள்ளே இருப்பவரைப் பார்க்கப் போவதை இங்கே ‘மனு பார்ப்பது’ என்பார்கள். இரண்டு கம்பிவலை, நடுவே இடைவெளி, இருபக்கமும் ஒரே கூச்சல். மகாராஜபுரத்திலிருந்து வந்த ஓர் அம்மா மகனிடம் கத்தினார்: “ஒம் பொண்டாட்டிக்குக் கரு கலைஞ்சு போச்சுலே!” அறையே அடங்கிப்போனது. வெளியே வந்ததும் அக்கா, “கேஸு அவன் மேலதானலே? அந்தம்மா என்ன பாவம் பண்ணுச்சு?” என்று என்மேல் பாய்ந்தார்.

புதிய சிறையில் மனு பார்க்கும் இடத்தைத் தனித்தனித் தடுப்புகளாக்கினார். மெல்லப் பேசினாலே எதிரில் இருப்பவருக்குக் கேட்கும். அதற்காக அதிகாரிகளிடம் மல்லுக்கு நின்றார். கைதிகளின் அறைகளுக்குப் பெரிய ஜன்னல்கள் வந்ததும் அப்படித்தான்.

திறந்த பிறகு ஒருநாள் போனோம். நாலு பேருக்கு வரைந்த அறையில் ஒன்பது பேர். “காத்து நல்லா வருதுல்லா மேடம், அதான் கூடப் போட முடியுது” என்றார் காவலர், பாராட்டாகவே. திரும்பும் வழியில் ஸ்ரீவில்லிபுத்தூர் தாண்டியதும் அக்கா வண்டியை ஓரமாக நிறுத்தச் சொன்னார். பிறகு, “நான் யாருக்குலே கட்டிக் குடுத்தேன்?” என்றார். அதன்பின் எந்தச் சிறை வேலையையும் அவர் தொடவில்லை. கடைசிவரை அதையே கேட்டுக்கொண்டிருந்தார்.

அடக்கத்தன்று கல்லறைத் தோட்டத்தில் ஓர் இளைஞன் என்னிடம் வந்தான். பழைய சிறையில் பார்த்த மகாராஜபுரத்து அம்மாவின் மகன். வழக்கை இழுத்தடித்ததில் புதிய சிறையிலும் இருந்துவிட்டு விடுதலையானவன். அந்த மனு பார்க்கும் அறையை வரைந்தது யார் என்று அவன் அம்மா விசாரித்து வைத்திருந்தாராம்.

“ஒருக்களிச்சுத்தான் படுப்போம் சார், நிமிந்து படுக்க எடம் இருக்காது. ஆனா அப்பா செத்ததச் சொல்ல அம்மா வந்தப்ப, அவ அழுதது எனக்கு மட்டுந்தான் கேட்டுச்சு.”

இதனால் ஒன்பது பேரை அடைத்தது சரியென்று ஆகிவிடாது. அக்காவும் ஒத்துக்கொண்டிருக்க மாட்டார். அவருடைய கேள்வியை நான் வைத்துக்கொள்கிறேன். எங்கே சுவர் எழுப்பினாலும் அது என்னை விடாது. அந்தப் பையன் சொன்னதை மட்டும் என்னோடு வைத்துக்கொள்ள முடியவில்லை. அது அக்காவுக்குச் சேரவேண்டியது. அவரிடம் சொல்ல வழியில்லாமல் உங்களிடம் சொல்கிறேன்.